ஏழு விசில் தொக்கு

கல்யாணப் பந்தியில் சாம்பார் வாளி என் இலையைத் தாண்டிப் போய்விட்டால் திரும்பக் கூப்பிட மாட்டேன். கூச்சம். வெறும் சோற்றில் அப்பளத்தை நொறுக்கிப் போட்டுத் தின்றுவிட்டு எழுந்து வருவேன். இப்படிப்பட்டவள் நாலு பேர் படிப்பதற்காக எழுத உட்கார்ந்திருப்பது எனக்கே அதிகப்படியாகத் தெரிகிறது. பத்தாம் வகுப்பில் மழைக்காலம், பசு என்று இரண்டு கட்டுரை எழுதியதோடு சரி. தப்பு இருந்தால் வீட்டுக்கு வந்து சொல்லாதீர்கள். எதிரில் நிற்க வெட்கமாக இருக்கும்.

எழுதச் சொன்னது சிதம்பரத்தில் நான் வேலை பார்த்த பாட்டில் கம்பெனியில் இப்போது இருக்கிற பெண்கள். கம்பெனி என்றால் பெரிய கட்டடம் எல்லாம் இல்லை. ஒரு வாடகை வீட்டின் சமையலறையும் கூடமும்தான். அங்கே கண்ணாடித் தட்டு வைத்த புதுக் கரண்டு அடுப்பு வாங்கியிருக்கிறார்களாம். திருகு கிடையாதாம், விரலால் தடவினால் எரியுமாம். "மல்லிகாக்கா, பழைய அடுப்புல நீங்க எப்பிடி ஓட்டுனீங்கன்னு எழுதிக் குடுங்க, எங்க மகளிர் குழு மலர்ல போடறோம்" என்றார்கள். போனிலேயே சொல்லிவிடலாம் என்றுதான் நினைத்தேன். ஆனால் சொல்ல ஆரம்பித்தால் என் மகள் கல்யாணக் கதை உள்ளே வந்துவிடுகிறது. அது வந்தால் எனக்குச் சிரிப்பு அடங்காது. அதனால் எழுதுகிறேன்.

நான் பிறந்தது காட்டுமன்னார்கோயில் பக்கம், விவசாயக் குடும்பம். கட்டிக்கொடுத்தது சிதம்பரம். பிள்ளை பள்ளிக்கூடம் போக ஆரம்பித்ததும் வேலை தேடினேன். தெருவில் ஒருவர் லாத்தாவிடம் அழைத்துப் போனார். லாத்தா என்றால் அவர்கள் முஸ்லிம் வீட்டு வழக்கில் அக்கா. ஊரே அப்படிக் கூப்பிட்டதால் நானும் அப்படியே கூப்பிட்டேன். அவர் வீட்டு ஆண்கள் எல்லாம் வெளிநாட்டில். அவர்களுக்கு மீனும் இராலும் கறியும் பாட்டிலில் அடைத்து அனுப்ப ஆரம்பித்து, பிறகு ஊராருக்கும் செய்துகொடுத்து, அதுவே தொழிலாகிவிட்டது. முதல் ஒரு வருஷம் பாட்டில் கழுவினேன். அடுத்த வருஷம் பாட்டிலின் வாயில் விரல் ஓட்டி விரிசல் பார்த்தேன். அதற்கப்புறம் அடுப்பு என் கைக்கு வந்தது. படிப்பு அவ்வளவுதான்.

வீட்டுச் சொந்தக்காரர் மாடியில் குடியிருந்தார். கேஸ் சிலிண்டர் என்றால் அவருக்கு நடுக்கம். "உள்ள சிலிண்டர் வந்துச்சுன்னா நான் வெளிய போயிடுவேன்" என்று சொல்லித்தான் வீட்டையே வாடகைக்கு விட்டார். அதனால் கரண்டு அடுப்பு. இரும்புத் தட்டு வைத்தது, ஏசிக்குப் போடுகிற மாதிரி தனி வயர் இழுத்துப் பெரிய பிளக்கில் மாட்டியது. இண்டக்‌ஷன் அடுப்பும் ஒன்று வாங்கிப் பார்த்தார்கள். எங்கள் பாத்திரம் அலுமினியம். இண்டக்‌ஷன் அதைக் கண்டுகொள்ளவே இல்லை. கீக் கீக் என்று கத்திவிட்டு அணைந்துபோனது.

அந்தப் பாத்திரத்துக்கு யானை என்று பெயர். லாத்தாவின் தம்பி வெளிநாட்டிலிருந்து கொண்டுவந்த பிரஷர் பாத்திரம். மூடியைச் சுற்றித் திருகுகள், மேலே முள் ஓடுகிற மீட்டர், பக்கத்தில் ஆவிக்குழாய், அதன்மேல் மாட்ட ஒரு குண்டு. பார்க்க நம் குக்கருக்குப் பெரியப்பா மாதிரி இருக்கும். ஆனால் பெரிய வித்தியாசம், அது விசில் அடிக்காது.

இதைச் சொன்னால் நம் பெண்களுக்குப் புரியவே புரியாது. நமக்குச் சமையலில் நேரம் என்பதே விசில்தானே. பருப்புக்கு நாலு, கறிக்கு ஆறு, பழைய கொண்டைக்கடலைக்கு வெறுத்துப்போகிற வரைக்கும். அடுப்படியிலிருந்து எழுந்துபோனாலும் காது எண்ணிக்கொண்டே இருக்கும். வேலைக்குச் சேர்கிற ஒவ்வொருத்தியும் முதல் நாள் லாத்தாவிடம் கேட்கிற கேள்வி, "இதுக்கு எத்தன விசிலு லாத்தா?" லாத்தா திட்டமாட்டார். திட்டி நான் பார்த்ததே இல்லை. கையில் தஸ்பீஹ் ஜெபமணியை உருட்டிக்கொண்டு, யானைக்கு எதிரே ஒரு பிளாஸ்டிக் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்திருப்பார். மீட்டரைக் கண்ணால் காட்டி, "காதக் கழட்டி வச்சுட்டுக் கண்ண மாட்டிக்க" என்பார். அவ்வளவுதான். எதாவது சந்தேகம் என்று ஒரு பாட்டிலை எடுத்துப் போனால், "நீ உன் புள்ளைக்குக் குடுப்பியா?" என்று மட்டும் கேட்பார். ஒரு நொடி யோசித்தாலும் போச்சு. அந்தப் பாட்டில் குழிக்குப் போய்விடும்.

செய்முறையைச் சொல்லிவிடுகிறேன், கேட்டது அதற்குத்தானே. எலுமிச்சை ஊறுகாய், நெல்லிக்காய் ஜாம் மாதிரி நல்ல புளிப்பும் இனிப்பும் உள்ளதற்குக் கொதிநீர்க் குளியல் போதும். மீன், இரால், கறி, காய்கறி, இதெல்லாம் புளிப்பில்லாத சாமான். இவற்றுக்கு யானைதான். பாட்டிலில் சூடாக நிரப்பி, மேலே ஒரு அங்குலம் காலி விட வேண்டும். மூங்கில் குச்சியால் ஓரமாகக் குத்திக் காற்றுக்குமிழியை விரட்ட வேண்டும். பாட்டில் வாயைச் சுத்தத் துணியால் துடைக்க வேண்டும், ஒரு பொட்டு எண்ணெய் இருந்தாலும் மூடி பிடிக்காது. மூடி எப்போதும் புதுசு. யானைக்குள் அடியில் தட்டு, கொஞ்சம் தண்ணீர், அதன்மேல் பாட்டில்கள். மூடியைத் திருகிய பிறகு குண்டை உடனே போடக் கூடாது. குழாய் வழியாக ஆவி பத்து நிமிஷம் சீறிக்கொண்டு போகட்டும், உள்ளே இருக்கிற காற்றெல்லாம் போகட்டும். அதற்கப்புறம் குண்டு. முள் ஏறும். வேண்டிய இடத்துக்கு வந்த பிறகுதான் கடிகாரம். எதற்கு எவ்வளவு நேரம் என்று யானையோடு வந்த புத்தகத்தில் போட்டிருக்கிறது. நம் யோசனை அங்கே வேண்டாம். நடுவில் முள் கீழே இறங்கிவிட்டால் அதுவரை ஓடிய நேரம் செல்லாது. மறுபடி ஏற்றி, முதலிலிருந்து.

கரண்டு அடுப்பில் ஒரு குணம் உண்டு. நாம் திருகைத் திருப்பினால் அது உடனே கேட்காது. கொஞ்ச நேரம் கழித்துதான் சூடு குறையும், கூடும். அதனால் முள் வேண்டிய இடத்துக்கு வருவதற்குக் கொஞ்சம் முன்பே குறைக்க ஆரம்பிக்க வேண்டும். அணைத்த பிறகும் தட்டு சுட்டுக்கொண்டே இருக்கும். யானையைத் தள்ளி வைக்க இரண்டு பேர் வேண்டும், ஆள் இல்லாவிட்டால் அங்கேயே ஆறட்டும். தண்ணீர் ஊற்றி ஆற்றுவது, குண்டைக் கரண்டியால் தூக்கி ஆவி விடுவது, இதெல்லாம் நம் வீட்டு அவசரம், இங்கே செய்யக் கூடாது. புது அடுப்புக் கண்ணாடி என்கிறீர்கள். யானையின் எடையை அது தாங்குமா என்று அடுப்பு விற்றவரிடம் கேட்டுவிட்டு ஏற்றுங்கள். சறுக்கிவிட்டால் யானைக்கு ஒன்றும் ஆகாது, உங்கள் காலைச் சொல்கிறேன்.

இப்போது கல்யாணக் கதைக்கு வருகிறேன்.

என் மகள் கவிதாவுக்குக் கடலூரிலிருந்து வரன் வந்தது. பையன் பெயர் சரவணன், மஸ்கட்டில் வேலை. அப்பாவுக்குத் திருப்பாதிரிப்புலியூரில் பாத்திரக்கடை. அவர்கள் வந்து பெண் பார்த்துவிட்டுப் போனார்கள். பிள்ளைகள் இரண்டும் போனில் பேசிச் சிரித்துக்கொள்கிற அளவுக்கு வந்துவிட்டது. மிச்சம் இருந்தது நாங்கள் போய் மாப்பிள்ளை வீடு பார்ப்பது. லீவில் வந்திருந்த பையன் செவ்வாய்க்கிழமை சாயங்காலம் மஸ்கட்டுக்குக் கிளம்புகிறான் என்று ஞாயிற்றுக்கிழமையே போனோம். நான், என் வீட்டுக்காரர், என் பெரிய அண்ணன்.

அண்ணனுக்கு ஒரு திட்டம் இருந்தது. கல்யாணத்தைச் சிதம்பரத்தில்தான் வைக்க வேண்டும். அவர்கள் கடலூரில் கேட்பார்கள், விடக் கூடாது. பஸ் சிப்காட் தாண்டுகிற வரைக்கும் இதையே சொல்லிக்கொண்டு வந்தார்.

"எல்லாம் பேசி முடிக்கிற வரைக்கும் யாரும் அங்க கை நனைக்கக் கூடாது. காப்பி குடிக்கலாம். பிஸ்கட்டு கடிக்கலாம். சோத்துல கை வச்சோம்னா சம்மதம்னு அர்த்தம். அப்புறம் அவுங்க சொல்றதுதான்."

"மச்சான், என்னப் பாத்து ஏன் சொல்றீங்க? நான் என்னா சோத்துக்கு அலையறவனா?" என்றார் என் வீட்டுக்காரர்.

"உங்களப் பாத்துதான் சொல்லணும். மல்லிகா பந்தியிலயே சாம்பார் கேக்க மாட்டா, அவளுக்கு எதுக்குச் சொல்லணும்?"

எங்கள் பக்கத்து வழக்கம் இது. மாப்பிள்ளை வீட்டில் முதல் சாப்பாடு என்பது கையெழுத்து மாதிரி. தெரிந்த விஷயம்தான். நானும் தலையாட்டினேன்.

வீடு நன்றாக இருந்தது. கூடத்தில் ஆண்கள் உட்கார்ந்தார்கள். மாப்பிள்ளையின் அம்மா சாந்தி, கலகலவென்று பேசுகிறவர், என் கையைப் பிடித்து நேராகச் சமையலறைக்கு இழுத்துப் போனார்.

"வாங்க வாங்க, உங்களுக்கு ஒண்ணு காட்டணும். நீங்க பாட்டில் கம்பெனிக்காரங்களாச்சேன்னு உங்களுக்காவே எடுத்து வச்சிருக்கேன்."

மேடையில் எட்டு பாட்டில்கள் வரிசையாக நின்றன. ஊறுகாய் பாட்டில், காப்பித்தூள் பாட்டில், தேன் பாட்டில் என்று எல்லாம் பழசு. உள்ளே செக்கச்செவேல் என்று இரால் தொக்கு, மேலே எண்ணெய் மிதந்தது.

"காலைல செஞ்சது. பாட்டில தொட்டுப் பாருங்க, இன்னும் சூடு இருக்கும். சரவணனுக்கு அங்க வாய்க்கு ஒண்ணும் புடிக்கலியாம். போன்ல ஒரு வீடியோ பாத்தேன். அடைச்சு, குக்கர்ல தண்ணிய ஊத்தி உள்ள வச்சு, ஏழு விசில் வுட்டேன். மூடியெல்லாம் டிங் டிங்னு உள்ள அமுங்கிக்கிச்சு. ஆறு மாசம் வச்சுத் தின்னலாம்."

கூடத்திலிருந்து அவர் வீட்டுக்காரர் குரல் கொடுத்தார். "ஆறு விசில்தான்!"

"ஏழு! நீங்க கடைக்கு போன் பேசினு இருந்தீங்க!"

"நான் எண்ணிக்கினேதான் பேசினேன். பாத்திரக்கடைக்காரனுக்கு விசில் எண்ணத் தெரியாதா?"

அவர்கள் சண்டையில் எனக்குச் சிரிப்பு வந்திருக்க வேண்டும். வரவில்லை.

மூடி அமுங்கினால் வெளிக்காற்று உள்ளே போகாது. அவ்வளவுதான் அதற்கு அர்த்தம். உள்ளே இருப்பது செத்துவிட்டது என்று அர்த்தம் இல்லை. மண்ணிலும் கடலடிச் சேற்றிலும் விதை மாதிரி கிடக்கிற கிருமி ஒன்று உண்டு. அதற்குக் காற்று இல்லாத இடம்தான் பிடிக்கும். நாமே காற்றை வெளியேற்றி, புளிப்பில்லாத சாமானைப் போட்டு, மேலே எண்ணெயையும் ஊற்றி மூடினால் அதற்கு அரண்மனை கட்டிக்கொடுத்த மாதிரி. வீட்டுக் குக்கர் சட்டென்று சூடாகி சட்டென்று ஆறிவிடும். ஏழு விசில் முடிகிறபோது பாட்டிலின் நடுவயிற்றுக்கு வேண்டிய சூடு போய்ச் சேர்ந்திருக்காது. நாள் போகப் போக அந்த விதை முளைக்கும். நாற்றம் வர வேண்டும் என்றில்லை, நிறமும் மாறாது. சாப்பிட்டவருக்குக் கண்ணிமை தொங்கும், பார்வை இரண்டாகும், கடைசியில் மூச்சு நிற்கும். மஸ்கட்டில் தனி அறையில் ஒரு பையன்.

லாத்தாவின் கேள்வி காதில் கேட்டது. நீ உன் புள்ளைக்குக் குடுப்பியா?

ஆனால் எப்படிச் சொல்வது? எனக்குக் காட்டுவதற்கென்றே எடுத்து வைத்திருக்கிறார். பெண்ணைப் பெற்றவள் மாப்பிள்ளை வீட்டுச் சமையலறையில் நின்றுகொண்டு, இன்னும் சம்மதம்கூடப் பேசாத நிலையில், உங்கள் கைச்சமையல் உங்கள் பிள்ளையைக் கொன்றுவிடும் என்று சொன்னால்? கவிதாவின் முகம் நினைவுக்கு வந்தது. போனை வைத்த பிறகும் சிரித்துக்கொண்டிருக்கிற முகம். நான் வாயைத் திறந்தேன். "நல்லா இருக்குங்க" என்று வந்தது. மறுபடி திறந்தேன். "கலர் நல்லா இருக்குங்க" என்று வந்தது.

மூன்றாவது முறை திறந்தபோது என்ன வந்தது தெரியுமா?

"எனக்குப் பசிக்குதுங்க. இந்தத் தொக்கோட சோறு போடுங்க."

சத்தமாகவே சொல்லிவிட்டேன் போல. கூடத்தில் அண்ணன் காப்பி டம்ளரை வாய்க்குப் பக்கத்தில் பிடித்தபடி அப்படியே இருந்தார். என் வீட்டுக்காரர் எழுந்து வந்து வாசற்படியில் நின்று என்னையே பார்த்தார். கட்டின நாளிலிருந்து நான் யாரிடமும் சோறு கேட்டு அவர் பார்த்ததில்லை.

காலையில் செய்ததை அன்றைக்கே சாப்பிட்டால் ஒரு குறையும் இல்லை. இன்றைக்கே தீர்த்துவிட்டால் பையன் கொண்டுபோக எதுவும் இருக்காது. என் மூளைக்கு எட்டிய வழி அதுதான்.

சாந்திக்கு முதலில் புரியவில்லை. புரிந்ததும் முகமெல்லாம் மலர்ந்துவிட்டது. "ஏங்க! சம்பந்தியம்மா கை நனைக்கிறேன்னுட்டாங்க! இலைய எடுங்க!"

"மல்லிகா…" என்றார் அண்ணன், ஈனக்குரலில்.

"நீங்களும் உக்காருங்கண்ணா. நல்லாச் சூடு பண்ணித் தரச் சொல்றேன்" என்றேன்.

ஒரு பாட்டில் போதும் என்று சாந்தி திறந்தார். நான் இன்னொரு தரம் கேட்டேன். அடுத்தது திறந்தது. அருமையான தொக்கு, பொய் சொல்லக் கூடாது. நான் மூன்றாவது முறை கேட்டபோது என் வீட்டுக்காரர் காதில், "ஏ, உனக்கு உடம்பு சரியில்லியா?" என்றார். "பேசாம சாப்பிடுங்க. நீங்களும் கேளுங்க" என்றேன். அவருக்கு அதற்கு மேல் சொல்ல வேண்டியதில்லை. அக்கம்பக்கத்தைக் கூப்பிடுங்கள், நல்ல காரியம் ஆயிற்றே என்றேன். பக்கத்து வீட்டார் வந்தார்கள், எதிர்வீட்டார் வந்தார்கள். பாட்டில் பாட்டிலாக டப் டப் என்று திறந்தது. அண்ணன் மட்டும் சோகமாக உருட்டி உருட்டித் தின்றார். கல்யாணம் கடலூரில்தான் என்று பாத்திரக்கடைக்காரர் ரசம் ஊற்றும்போதே அறிவித்துவிட்டார்.

அதற்குள் செய்தி பறந்து கவிதா போன் செய்தாள். "அம்மா! நீ சோறு கேட்டியாமே! அவுரு மெசேஜ் போட்டாரு! நிஜமா நீதானா?"

"அப்புறம் பேசறேன்டி. வாய்ல சோறு" என்றேன்.

மாப்பிள்ளை மட்டும் அவ்வப்போது சமையலறைப் பக்கம் பார்த்துக்கொண்டே இருந்தார். "அம்மா, எனக்கு?" என்றார் ஒரு தரம். "சும்மா இருடா. சம்பந்தி ஆசையாக் கேக்கறாங்க."

கை கழுவப் போனபோது காலி பாட்டில்களைப் பார்த்தேன். ஏழுதான் இருந்தன. மேடையில் தேடினேன், மேசைக்கு அடியில் தேடினேன். எட்டாவதைக் காணவில்லை. திரும்பினால் மாப்பிள்ளை என் கண்ணைப் பார்க்காமல் கூரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். புரிந்துவிட்டது. பெட்டிக்குள் போய்விட்டது.

தின்று தீர்க்கிற வித்தை அதோடு முடிந்தது. இனிமேல் பேசித்தான் ஆக வேண்டும்.

"தம்பி, அந்தப் பாட்டில ஊருக்குக் கொண்டு போவாதீங்க" என்றேன். எல்லோரும் திரும்பினார்கள். தலையைக் குனிந்தபடியே, விசிலிலிருந்து கிருமி வரைக்கும் எல்லாவற்றையும் சொல்லி முடித்தேன். என் வாழ்க்கையில் அவ்வளவு நீளமாக யாரிடமும் பேசியதில்லை.

சாந்தியின் சிரிப்பு போய்விட்டது. "அப்ப என் கைப்பக்குவம் வெஷம்ங்கறீங்க?"

"ஐயோ இல்ல அண்ணி! இன்னைக்கு அமிர்தம். எத்தன வாட்டி வாங்கித் தின்னேன், பாத்தீங்கல்ல? அடைச்சு வச்சு நாள் கழிச்சுத் தொறக்கறதுதான் பயம். இதே இராலு நான் செஞ்சிருந்தாலும், இந்த மாதிரி குக்கர்ல வச்சா அப்பிடித்தான்."

அண்ணி என்கிற வார்த்தை தானாக வந்துவிட்டது. கை நனைத்த பிறகு வேறு எப்படிக் கூப்பிடுவது? அதைக் கேட்டு அவர் முகம் கொஞ்சம் இளகியது. மாப்பிள்ளை உள்ளே போய், லுங்கியில் சுற்றிய பாட்டிலை எடுத்து வந்து அசட்டுச் சிரிப்போடு மேசையில் வைத்தார்.

"சரி. இத ஃப்ரிட்ஜுல வைக்கிறேன்" என்றார் அண்ணி. "நாளைக்கு உங்க கம்பெனிக்கு நானே வரேன். உங்க மொறையில செஞ்சு காட்டுங்க. செவ்வாக்கெழம என் புள்ள கையில பாட்டில் இருக்கணும். உங்களுது இல்லன்னா என்னுது போவும். வெறுங்கையோட அனுப்ப மாட்டேன்."

விளையாட்டாகச் சொல்லவில்லை. பெற்றவள் அல்லவா.

திங்கட்கிழமை இராலோடு இருவரும் வந்து இறங்கினார்கள், அண்ணியும் அவர் வீட்டுக்காரரும். லாத்தா அவர்களை உட்காரவைத்து விஷயத்தைக் கேட்டார். தொக்காக அடைக்க முடியாது என்று முதலிலேயே சொல்லிவிட்டார்.

"எண்ணெயும் மசாலாவும் கெட்டியா இருந்தா சூடு உள்ள போறதுக்குக் கணக்கு கெடையாதும்மா. புத்தகத்துல இல்லாதத நான் செய்யறதில்ல. இரால உப்புத்தண்ணியில அடைச்சுத் தரோம். நீ உன் மசாலாவ வறுத்து அரைச்சுத் தூளாக் குடு. அங்க போயி தம்பி தாளிச்சுக்கட்டும்."

"அவனுக்கு வெந்நீர் வைக்கத் தெரியாதே!"

"கத்துக்கட்டுமே. கட்டிக்கப் போறவளுக்கும் நல்லதுதானே" என்றார் லாத்தா. பாத்திரக்கடைக்காரர் சிரித்தார். அண்ணி சிரிக்கவில்லை.

பாட்டில்கள் யானைக்குள் போயின. ஆவி சீறியது, குண்டு போட்டேன், முள் ஏறியது. அண்ணி நாற்காலியின் நுனியில் உட்கார்ந்து காதைத் தீட்டிக்கொண்டிருந்தார்.

"விசிலே வரலியே?"

"வராது அண்ணி."

"அப்ப வெந்துதுன்னு அதுக்கு எப்பிடித் தெரியும்?"

"அதுக்குத் தெரிய வேணாம். நமக்குத் தெரிஞ்சா போதும்."

லாத்தா தொழுகைக்காக வீட்டுக்குப் போயிருந்தார். நேரம் பாதிக்கு மேல் ஓடிவிட்டது. மின்விசிறி நின்றது. கரண்டு போய்விட்டது.

அடுப்புத் தட்டில் மிச்சச் சூடு இருந்ததால் முள் உடனே இறங்கவில்லை. நாங்கள் மூன்று பேரும் அதையே பார்த்தோம். பாத்திரக்கடைக்காரர் "இரு, இரு, இறங்காத" என்று முள்ளிடம் கெஞ்சினார். அது மெதுவாக, எங்களுக்கு மரியாதை கொடுக்கிற மாதிரி, கீழே இறங்கியது. மாடியிலிருந்து வீட்டுச் சொந்தக்காரர், "சிலிண்டர் எதுவும் வெடிச்சுதா?" என்று கத்தினார்.

கரண்டு திரும்பி வர நேரமானது. வந்ததும் யானையை மறுபடி ஏற்றினேன். முள் வேண்டிய இடத்துக்கு வந்தபோது கடிகாரத்தைப் பார்த்து, "முதல்லேருந்து" என்றேன்.

"முதல்லேருந்தா? இவ்ளோ நேரம் வெந்தது?"

"கணக்குல இல்ல அண்ணி."

அவர் குரலைத் தாழ்த்தினார். "மல்லிகா, லாத்தாவும் இல்ல. யாரும் பாக்கல. பாதிக்கு மேல வெந்துட்டுது. மிச்சத்த மட்டும் ஓட்டிட்டு எறக்கிடேன். எங்களுக்கு பஸ்ஸு போயிடும். நாளைக்குப் பையன் கெளம்பணும்."

வழக்கமாக யார் எது சொன்னாலும் சரிங்க என்று சொல்லிவிடுகிற ஆள் நான். புதுச் சம்பந்தி வேறு. ஆனால் அன்றைக்கு எனக்குக் கூச்சமே வரவில்லை. எங்கே போயிற்றோ தெரியவில்லை.

"மாட்டேன் அண்ணி. அவுரு இப்ப எனக்கும் புள்ளதானே. பஸ்ஸு போனா போவட்டும். ராத்திரி எங்க வீட்ல சாப்புட்டுத் தங்குங்க. ஆனா முதல்லேருந்துதான்."

அவர் என்னைப் பார்த்தார். பிறகு யானையைப் பார்த்தார். பிறகு போனை எடுத்துக் கடலூருக்குப் போட்டார்.

"சரவணா, ஃப்ரிட்ஜுல அந்தத் தொக்கு பாட்டில் இருக்குல்ல? அத எடுத்து நல்லாக் கொதிக்க வச்சு இப்பவே சாப்புட்டுத் தீத்துடு… ஆமா, இப்பவே. பெட்டிக்குள்ள வச்சன்னு தெரிஞ்சுது, அப்புறம் இருக்கு உனக்கு… அடுப்பு எப்பிடிப் பத்த வைக்கறதா? அடப்பாவி!"

பாத்திரக்கடைக்காரர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அண்ணி கோபமாக எங்களைப் பார்த்து, அப்புறம் அவரும் சிரித்து, கண்ணில் தண்ணீர் வந்து, முந்தானையால் துடைத்துக்கொண்டார். லாத்தா திரும்பி வந்தபோது மூன்று பேரும் யானைக்கு எதிரே உட்கார்ந்து காரணம் இல்லாமல் சிரித்துக்கொண்டிருந்தோம். "என்னா, ஆவி தலைக்கு ஏறிடுச்சா?" என்றார்.

இறக்கி வைத்து, தானாக ஆறவிட்டு, மூடியை முகத்துக்கு எதிர்ப்பக்கமாகச் சாய்த்துத் திறந்தேன். பாட்டில்களைத் துணி விரித்த மேசையில் ஒன்றை ஒன்று தொடாமல் வைத்தேன். எல்லோரும் சுற்றி நின்றோம். டிங் என்று முதல் மூடி அமுங்கியது. பாத்திரக்கடைக்காரர் "ஒண்ணு!" என்று எண்ண ஆரம்பித்தார். டிங். "ரெண்டு!" அதை மட்டும் நாங்கள் தடுக்கவில்லை. எண்ணிவிட்டுப் போகட்டும்.

பஸ் போய்விட்டது, ராத்திரி இருவரும் எங்கள் வீட்டிலேயே தங்கினார்கள். மறுநாள் காலையில் ஒவ்வொரு மூடியாக அழுத்திப் பார்த்தேன். ஒன்று மட்டும் அமுங்காமல் இருந்தது, அதை மதியம் நாங்களே குழம்பு வைத்துச் சாப்பிட்டோம். மற்றதை மாப்பிள்ளை பைக்கில் வந்து வாங்கிக்கொண்டு போனார். சாயங்காலம் அவருக்குச் சென்னை பஸ், அங்கிருந்து மஸ்கட் விமானம்.